தோற்கத் தெரிந்த முதலாளி

ஜப்பானியத் தொழில்முறை மல்யுத்த வீராங்கனை மெய்கோ சதோமுரா 2025 ஏப்ரல் 29 அன்று டோக்கியோவின் கோராக்குவென் ஹாலில் கடைசி ஆட்டம் ஆடி ஓய்வு பெற்றார். அப்போது அவருக்கு வயது 45. கடலூரில் பெண் பிள்ளைகளுக்குக் கபடி சொல்லிக்கொடுக்கும் பி.டி. டீச்சர் நான். அதனால் அவர் வாங்கிய பட்டங்களை விட இந்த 45 தான் எனக்குப் பெரிய விஷயம்.

நம் பக்கம் ஒரு நல்ல டிஃபெண்டர் (ரெய்டு வருபவளைப் பிடிப்பவள்) உருவாக ஆறேழு வருஷம் ஆகும். கணுக்காலைப் பிடிக்கும் ஆங்கிள் ஹோல்டு சரியாக வரும் நேரத்தில், "மிஸ், மாப்பிள்ளை பார்த்துட்டாங்க" என்று வந்து நிற்பாள். ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் வேலை கிடைத்தவள் மட்டும் இன்னும் கொஞ்ச நாள் ஆடுவாள். எங்கேயும் எழுதி வைக்காத சட்டம் இது.

ஜப்பானில் இதை வெளிப்படையாகவே வைத்திருந்தார்கள். 1968-ல் தொடங்கிய ஆல் ஜப்பான் விமன்ஸ் என்ற பெண்கள் மல்யுத்தக் கம்பெனியில் குடி, சிகரெட், ஆண் சகவாசம் மூன்றுக்கும் தடை. 25, 26 வயதானால் வீட்டுக்குப் போக வேண்டும். எண்பதுகளில் பள்ளிக்கூடப் பெண்களெல்லாம் கத்திக் கொண்டாடிய அந்தக் கம்பெனி நட்சத்திரம் சிகுசா நகாயோவே 1989-ல் 24 வயதில் விலகியவர்தான். ஆனால் அவர் திரும்பி வந்தார். வந்ததோடு நிற்காமல் காயா ஜப்பான் என்று சொந்தக் கம்பெனியும் ஆரம்பித்தார். 1995 ஏப்ரலில் அதன் முதல் நிகழ்ச்சி. நீகாட்டாவிலிருந்து வந்த, ஜூடோ பழகிய 15 வயதுப் பெண் அன்றைக்குத்தான் முதல் முறையாக ரிங் ஏறினாள். அவள்தான் மெய்கோ.

ஐந்தடி இரண்டு அங்குலம்தான் உயரம். நூறு கிலோவைத் தாண்டிய ஆஜா காங் என்ற வீராங்கனையை 2001-ல் வீழ்த்திப் பட்டம் வாங்கினார். உதையைப் பார்த்தால் தெரியும்: இடுப்பு முதலில் திரும்பும், கால் அப்புறம்தான் வரும். கோச் கண்ணுக்கு அது போதும்.

2005-ல் காயா மூடப்பட்டது. ஜின்செய் ஷின்சாகி என்ற வீரரோடு சேர்ந்து மெய்கோ செண்டாய் நகரில் புதுக் கம்பெனி தொடங்கினார். (தொண்ணூறுகளில் டபிள்யூ.டபிள்யூ.எஃப். பார்த்தவர்களுக்கு ஹகூஷி ஞாபகம் இருக்கலாம், உடம்பெல்லாம் எழுத்து எழுதிக்கொண்டு வருவாரே, அவர்தான்.) 2006 ஜூலையில் முதல் நிகழ்ச்சி. பேர், பணம், டிவி எல்லாம் டோக்கியோவில்தான். செண்டாய் அங்கிருந்து முந்நூறு கிலோமீட்டருக்கு மேல். விளையாட்டுக்காரர்கள் சென்னைக்கு ரயில் ஏறும் ஊரில் இருந்துகொண்டு இதைப் படித்தபோதே எனக்கு அவர் மேல் ஒரு மரியாதை வந்துவிட்டது.

2011 மார்ச் 11, மதியம் 2.46-க்கு நிலநடுக்கம், பின்னாலேயே ஆழிப்பேரலை. செண்டாய் விமான நிலையத்துக்குள் கடல் புகுந்த காட்சியை டிவியில் பார்த்தபோது எங்கள் தெருவில் யாரும் அதிகம் பேசவில்லை. 2004 டிசம்பர் 26-ல் தேவனாம்பட்டினம் இருந்த கோலத்தை நாங்கள் பார்த்தவர்கள். அதே 2011 கடைசியில் தானே புயலும் வந்து முந்திரியையும் பலாவையும் வேரோடு சாய்த்துவிட்டுப் போனது. அப்படி ஒரு அடிக்குப் பிறகு விளையாட்டு என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும். மைதானத்தில் நிவாரணப் பொருள் இறங்கும், பிள்ளைகள் வர மாட்டார்கள், யாரையும் வரச் சொல்லவும் மனசு வராது. அந்த வருஷத்தில்தான் மெய்கோ கம்பெனியின் முழுப் பொறுப்பையும் ஏற்றுக்கொண்டார். கையில் இருந்தது ஒரு சில வீராங்கனைகள் மட்டுமே. டோக்கியோவில் எந்தக் கம்பெனியிலும் அவருக்கு இடம் கிடைத்திருக்கும். போகவில்லை.

எங்கள் வீட்டுக்காரர், "எல்லாம் பேசி வெச்சு ஆடுற டிராமா, இதுக்குப் போய் உருகுறியே" என்பார். சரி, பேசி வைத்ததாகவே இருக்கட்டும். கீழே விழுவது நிஜம்; முதுகும் கழுத்தும் அதற்கு விலை கொடுக்கின்றன. அதை விடுங்கள். 2015 அக்டோபரில் சிஹிரோ ஹஷிமோட்டோ என்ற புதுப்பெண் மெய்கோவின் செண்டாய் கம்பெனியில் அறிமுகமானாள். அடுத்த அக்டோபரிலேயே மெய்கோவைத் தோற்கடித்து அந்தக் கம்பெனியின் உலகப் பட்டத்தை வாங்கினாள். முடிவு முன்கூட்டியே எழுதப்படுவதாக இருந்தால், அந்தக் கம்பெனியில் எழுதும் பேனா யார் கையில்? முதலாளி அவர், பெரிய நட்சத்திரமும் அவர். ரிங்குக்கு வந்து ஒரு வருஷமே ஆன பெண்ணிடம் தன் பட்டத்தை விட்டுக்கொடுத்தார். வீட்டுக்காரர் சொல்லும் டிராமாவில் எனக்கு ரொம்பப் பிடித்த காட்சியே இதுதான். நம் ஊரில் டீமுக்குத் தலைவர்களாக இருக்கும் சிலருக்கு இதைப் போட்டுக் காட்ட வேண்டும். பெயர் சொல்ல மாட்டேன், நாளைக்கும் மைதானத்தில் முகம் பார்க்க வேண்டுமே.

அமெரிக்காவின் டபிள்யூ.டபிள்யூ.இ. (பழைய டபிள்யூ.டபிள்யூ.எஃப்.தான்) கதை ரசிகர்களுக்குத் தெரிந்ததுதான். 2018-ல் அவர்கள் நடத்திய மே யங் கிளாசிக் என்ற பெண்கள் போட்டியில் அரையிறுதி வரை போய் டோனி ஸ்டார்மிடம் தோற்றார். 2021-ல், 41 வயதில், கே லீ ரேயை வீழ்த்தி, அந்தக் கம்பெனியின் பிரிட்டிஷ் பிரிவான என்.எக்ஸ்.டி. யூ.கே.யின் பட்டம். அடுத்த வருஷம் செப்டம்பரில் மேண்டி ரோஸிடம் அது போனது. அங்கே அவர் கோச்சாகவும் இருந்தார். டிவியில் அதை ஒரு வரியில் சொல்லிவிட்டுப் போய்விடுவார்கள் என்பது என் குறை.

ஓய்வு ஆட்டத்தில் எதிர்ப்பக்கம் நின்றவர்களில் அதே ஆஜா காங்கும் ஒருவர். அவருக்கு அப்போது 54 வயது. 25-ல் வீட்டுக்கு அனுப்பும் காலத்தில் வந்தவர்!

என் பிள்ளைகள் எதை முதலில் பார்க்க வேண்டும் என்று கேட்கிறார்கள். 2018-ல் அந்த மே யங் கிளாசிக்கில் மெர்சிடிஸ் மார்டினெஸோடு மெய்கோ ஆடியதைப் பாருங்கள் என்பேன். இரண்டு பேருமே பழம் தின்று கொட்டை போட்டவர்கள், அவசரப்படவே மாட்டார்கள். உதையை மட்டும் கபடி மேட் விரிப்பில் செய்து பார்க்கக் கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறேன். கேட்பார்களா என்பது வேறு விஷயம்.