சாப்பாடு தீர்ந்தால்தான் கரை

அணுசக்தி நீர்மூழ்கிக் கப்பலைக் கரைக்கு இழுப்பது எரிபொருள் இல்லை, சாப்பாடுதான். அணு உலை வருடக்கணக்கில் ஓடும், கடல் நீரிலிருந்தே குடிநீர், அதை மின்சாரத்தால் பிரித்தால் ஆக்சிஜன், ஆனால் சோற்றைக் கடலிலிருந்து எடுக்க முடியாதே. 1955 ஜனவரி 17-ல் அமெரிக்காவின் நாட்டிலஸ் என்ற நீர்மூழ்கிக் கப்பல் முதன்முதலாக அணுசக்தியில் கிளம்பியது, 1958 ஆகஸ்ட் 3-ல் பனிக்கு அடியிலேயே வட துருவத்தைத் தொட்டது. சரி, உள்ளே இருப்பவர்கள் பாடு? நீண்ட பயணம் என்றால் உணவு டின்களை நடைபாதையில் பரப்பி அதன் மேலேயே நடப்பார்கள், சாப்பிடச் சாப்பிடத் தரை இறங்கும்! அமெரிக்க நீர்மூழ்கிக் கப்பல்களில் பல காலம் ஒரு நாள் என்பதே 24 இல்லை, 18 மணி நேரம்தான், அதில் 6 மணி நேரம் பணி. அப்புறம் படுக்கை. இடம் போதாவிட்டால் இரண்டு படுக்கையை மூன்று பேர் முறைவைத்துப் பகிர வேண்டும், ஒருவர் எழுந்த சூடு ஆறுவதற்குள் அடுத்தவர் படுப்பார். எனக்கு ரயிலில் மேல் பர்த்தே ஒத்துக்கொள்ளாது.