லிஃப்டைத் தோற்கடித்த பெயிண்ட்

போன மாதம் எங்கள் அடுக்குமாடியில் சங்கக் கூட்டம். மொட்டை மாடியில் பிளாஸ்டிக் நாற்காலிகள், ஒரு கேன் காபி, ஒரு தட்டு மிக்சர். வீட்டுக்கு ஒரு ஓட்டு என்று கணக்கு, மொத்தம் 21 வீடு, 21 வீட்டிலிருந்தும் ஆள் வந்திருந்தார்கள். வழக்கமாக எட்டுப் பேர் வந்தாலே பெரிய விஷயம். இந்த முறை பேச்சு பணத்தைப் பற்றி என்பதால் எல்லோருக்கும் நேரம் கிடைத்துவிட்டது.

சங்கத்தின் கையிருப்பில் ஒரே ஒரு பெரிய வேலைக்குத்தான் பணம் இருக்கிறது. பழைய லிஃப்டைத் தூக்கிவிட்டுப் புதிது போடலாம், புதிதாக போர் (ஆழ்துளைக் கிணறு) போடலாம், அல்லது கட்டடம் முழுக்க பெயிண்ட் அடிக்கலாம். செயலாளர் (ஓய்வு பெற்றவர், நோட்டுப் புத்தகத்தில் கோடு போட்டுத்தான் கணக்கு எழுதுவார்) எழுந்து, "முதல்ல லிஃப்டா, போரா, அதை முடிச்சிடுவோம்" என்றார். கை தூக்கினோம். லிஃப்டுக்கு 14, போருக்கு 7. "சரி, இப்ப லிஃப்டா பெயிண்டா?" மறுபடியும் கை தூக்கினோம். பெயிண்டுக்கு 13, லிஃப்டுக்கு 8. தீர்மானம் நிறைவேறியது, காபி ஆறுவதற்குள் கூட்டம் முடிந்தது.

மூன்றாம் மாடிப் பாட்டி, முட்டி வலிக்காரர், கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொரு படியாக இறங்கும்போது என்னிடம் கேட்டார்: "ஏன் தம்பி, போரை விட லிஃப்ட்தான் வேணும்னு 14 பேர் சொன்னாங்களே, அப்புறம் எப்படிப்பா பெயிண்ட் வந்துச்சு?" அந்தக் கேள்விக்கு அந்த இடத்தில் நான் சரியாகப் பதில் சொல்லவில்லை. அதனால்தான் இந்தப் பதிவு.

இரண்டு நாள் கழித்து எல்லோரிடமும் வாட்ஸப்பில் கேட்டேன், மூன்றையும் 1, 2, 3 என்று வரிசைப்படுத்திச் சொல்லுங்கள் என்று. எனக்கு வேலை இல்லை என்று நினைத்திருப்பார்கள், ஆனாலும் சொன்னார்கள். மேல் மாடிக்காரர்கள் 8 பேர்: லிஃப்ட், போர், பெயிண்ட். தரைத்தளமும் முதல் மாடியுமாக 7 பேர்: போர், பெயிண்ட், லிஃப்ட். லிஃப்டில் ஏறாதவர்கள் அதற்கு ஏன் கை தூக்கப் போகிறார்கள், கோடையில் தண்ணீர் லாரிக்குக் காத்து நிற்பதுதான் அவர்கள் பிரச்சினை. வீட்டை வாடகைக்கு விட்டுவிட்டு வேறு இடத்தில் இருக்கும் உரிமையாளர்கள் 6 பேர்: பெயிண்ட், லிஃப்ட், போர். கட்டடம் பளிச்சென்று இருந்தால் வாடகை ஏறும், தண்ணீர்க் கஷ்டம் வாடகைக்காரருக்குத்தானே.

இப்போது இரண்டிரண்டாக மோத விட்டுப் பாருங்கள். லிஃப்டும் போரும் மோதினால் லிஃப்ட், 14க்கு 7. போரும் பெயிண்டும் மோதினால் போர், 15க்கு 6. பெயிண்டும் லிஃப்டும் மோதினால் பெயிண்ட், 13க்கு 8. லிஃப்ட் போரை ஜெயிக்கிறது, போர் பெயிண்டை ஜெயிக்கிறது, பெயிண்ட் லிஃப்டை ஜெயிக்கிறது. வட்டமாகச் சுற்றுகிறது. 21 பேரில் ஒருவர் மனதிலும் குழப்பம் கிடையாது, ஒவ்வொருவருக்கும் தெளிவான வரிசை இருக்கிறது, ஆனால் 21 பேரையும் சேர்த்து "நாம்" என்று பார்த்தால் அந்த நாமுக்கு வரிசையே இல்லை.

இதில் இன்னொன்று உண்டு. முதல் சுற்றில் எந்த இரண்டை மோத விட்டாலும், வெளியே உட்கார்ந்திருந்து கடைசியில் வருவதுதான் ஜெயிக்கும். போரையும் பெயிண்டையும் முதலில் விட்டிருந்தால் இன்றைக்கு லிஃப்ட். பெயிண்டையும் லிஃப்டையும் முதலில் விட்டிருந்தால் போர். செயலாளர் ஏதோ உள்நோக்கத்தோடு செய்தார் என்று நினைத்துவிடாதீர்கள், நானே அவரிடம் கேட்டேன். "கொட்டேஷன் வந்த வரிசையில ஃபைல்ல வச்சிருந்தேன் சார், அதே வரிசைல படிச்சேன்" என்றார். பெயிண்ட் காண்ட்ராக்டர் மூன்று நாள் தாமதமாகக் கொட்டேஷன் கொடுத்தார், அதனால் அவருக்கு வேலை கிடைத்தது. பல லட்ச ரூபாய் அப்படித்தான் முடிவானது.

இந்த வட்டத்தை 1785இல் எழுதி வைத்தவர் கோந்தோர்சே என்ற பிரெஞ்சுக் கணிதக்காரர். பெரும்பான்மை முடிவுகளுக்கு நிகழ்தகவுக் கணக்கைப் பொருத்திப் பார்த்து ஒரு பெரிய நூல் எழுதினார், அதற்குள் இந்த முரண் இருக்கிறது. மனிதர் பிரெஞ்சுப் புரட்சியை ஆதரித்தவர், அதே புரட்சிக்காரர்கள் தேடியதால் தலைமறைவாகி, 1794இல் பிடிபட்டு, சிறையிலேயே செத்துக் கிடந்தார். அவர் காலத்திலேயே போர்தா என்று இன்னொருவர் (நம் போருக்கும் இவருக்கும் சம்பந்தமில்லை) வேறு வழி சொன்னார்: முதல் இடத்துக்கு 2 மதிப்பெண், இரண்டாவதுக்கு 1, கடைசிக்கு 0, எல்லாவற்றையும் கூட்டு. கேட்க நன்றாக இருக்கிறதே என்று எங்கள் கணக்கைப் போட்டேன். லிஃப்டுக்கு 22, போருக்கு 22, பெயிண்டுக்கு 19. போச்சு, மேலே இரண்டும் சமம். அதை விட எரிச்சலானது என்னவென்றால், பெயிண்ட் என்ற பேச்சே எழாமல் இருந்திருந்தால் லிஃப்ட் போரை 14க்கு 7 என்று சுலபமாக ஜெயித்திருக்கும். கடைசியில் நிற்கிற பெயிண்ட் பட்டியலில் இருப்பதாலேயே மேலே இருக்கிற இரண்டின் உறவு மாறுகிறது.

இதுதான் 1951இல் கென்னத் ஆரோ தன் முனைவர் பட்ட ஆய்வில் நிரூபித்ததன் மையம் என்று நான் புரிந்துகொண்டிருக்கிறேன். மூன்றோ அதற்கு மேலோ தேர்வுகள் இருந்து, ஆட்கள் எந்த வரிசையை வேண்டுமானாலும் சொல்லலாம் என்றால், கூட்டு முடிவில் நாம் எதிர்பார்ப்பவை ரொம்பச் சாதாரணமானவை. எல்லோருக்கும் இதை விட அது பிடித்திருந்தால் முடிவிலும் அப்படியே வர வேண்டும். இரண்டுக்குள் எது மேல் என்பது அந்த இரண்டைப் பற்றி மக்கள் சொன்னதை மட்டும் பொறுத்திருக்க வேண்டும், மூன்றாவது ஒன்று மூக்கை நுழைக்கக் கூடாது. முடிவு வட்டமாகச் சுற்றாமல் ஒழுங்கான வரிசையாக வர வேண்டும். ஒரே ஆள் சொல்வதே எப்போதும் சட்டம் என்று ஆகிவிடக் கூடாது. இந்த நாலும் சேர்ந்து எந்த முறையிலும் சாத்தியமில்லை. "இன்னும் யாரும் அப்படி ஒரு முறையைக் கண்டுபிடிக்கவில்லை" என்று அவர் சொல்லவில்லை, இருக்கவே முடியாது என்று கணக்குப் போட்டுக் காட்டினார். 1972இல் பொருளாதார நோபல் கிடைத்தது. முதல் தடவை இதைப் படித்தபோது ஏதோ ஏமாற்று வித்தை என்றுதான் நினைத்தேன். மொட்டை மாடிக் கூட்டத்துக்குப் பிறகு அப்படித் தோன்றவில்லை.

வரிசைப்படுத்தி ஓட்டுப் போடுவதெல்லாம் வெளிநாட்டுச் சமாசாரம் என்று நினைக்கிறவர்களுக்கு: நம் ஊரிலேயே நடக்கிறது. மாநிலங்களவைத் தேர்தல் வந்தால் டிவியில் "ஒரு எம்.பி.க்கு 34 எம்.எல்.ஏ." என்று சொல்லிக்கொண்டே இருப்பார்களே, அந்த 34 எங்கிருந்து வருகிறது? சட்டமன்றத்தில் 234 பேர், காலியாவது 6 இடம். 234ஐ ஆறால் வகுத்தால் 39. ஆனால் ஏழால் வகுக்கிறார்கள், 33.43 வருகிறது, அதனால் 34. ஆறு பேர் ஆளுக்கு 34 வாங்கிவிட்டால் 204 தீர்ந்தது, மிச்சம் 30, ஏழாவது ஆளால் 34ஐத் தொடவே முடியாது. அவ்வளவுதான் தந்திரம். இந்தக் கணக்கு முன்கூட்டியே எல்லோருக்கும் தெரிவதால் பெரும்பாலும் ஆறு இடத்துக்கு ஆறு பேரே நின்று, போட்டியில்லாமல் முடிந்துவிடுகிறது.

குடியரசுத் தலைவர் தேர்தலும் விருப்ப வரிசைதான். அதில் உண்மையிலேயே இரண்டாம் விருப்பம் வரை போய் முடிவான கதை 1969. காங்கிரஸின் அதிகாரபூர்வ வேட்பாளர் சஞ்சீவ ரெட்டி, காமராஜர் உள்ளிட்ட சிண்டிகேட் (கட்சியின் மூத்த தலைவர்கள் கூட்டம்) அவர் பக்கம். இந்திரா காந்தி மனசாட்சிப்படி ஓட்டுப் போடுங்கள் என்று சொல்லி, சுயேச்சையாக நின்ற வி.வி.கிரி பக்கம் சாய்ந்தார். ஜனசங்கமும் சுதந்திராக் கட்சியும் சி.டி.தேஷ்முக்கை ஆதரித்தன. காங்கிரஸ் தலைவர் நிஜலிங்கப்பா அந்தக் கட்சிகளிடம் போய், உங்கள் இரண்டாம் விருப்பத்தையாவது ரெட்டிக்குப் போடுங்கள் என்று கேட்டார். அதையே பிடித்துக்கொண்டு இந்திரா தரப்பு குடைந்தது தனிக் கதை.

எண்ணிக்கை இப்படி வந்தது. (ஒவ்வொரு எம்.எல்.ஏ., எம்.பி. ஓட்டுக்கும் ஒரு மதிப்பு உண்டு என்பதால் எண்கள் லட்சத்தில் இருக்கும். இப்போது தமிழ்நாட்டு எம்.எல்.ஏ. ஓட்டின் மதிப்பு 176.) முதல் விருப்பத்தில் கிரி 4,01,515, ரெட்டி 3,13,548, தேஷ்முக் 1,12,769. ஜெயிக்கத் தேவை 4,18,169. யாருக்கும் இல்லை. கீழே இருந்தவர்களை ஒவ்வொருவராக விலக்கி, அவர்கள் சீட்டுகளில் அடுத்த விருப்பம் யார் என்று பிரித்துக் கொடுத்தார்கள். ரெட்டிக்கு 91,879 கூடியது. கிரிக்குக் கூடியது வெறும் 18,562. அதாவது நிஜலிங்கப்பாவின் கணக்கு பலித்துவிட்டது, வந்த ஓட்டில் பெரும்பகுதி ரெட்டிக்கே வந்தது, ஆனாலும் போதவில்லை. முடிவில் கிரி 4,20,077, ரெட்டி 4,05,427. அந்த வருஷமே காங்கிரஸ் இரண்டாகப் பிளந்தது.

இலங்கையில் அதிபர் தேர்தலிலும் மூன்று விருப்பம் வரை குறிக்கலாம். 1982 முதல் இந்த வசதி இருந்தும் இரண்டாம் எண்ணிக்கை தேவைப்பட்டது 2024 செப்டம்பரில்தான். அநுர குமார திசாநாயக்கவுக்கு முதல் எண்ணிக்கையில் 56,34,915, சஜித் பிரேமதாசவுக்கு 43,63,035. மற்றவர்களுக்கு விழுந்தவை 33 லட்சத்துக்கும் மேல். அந்த 33 லட்சத்தில் இந்த இருவருக்கும் மாறி வந்தது எவ்வளவு தெரியுமா? அநுரவுக்கு 1,05,264, சஜித்துக்கு 1,67,867. மிச்சம் 30 லட்சம் சீட்டுகளில் இந்த இருவர் பெயருக்கு நேரே எதுவும் இல்லை. மாற்று விருப்பம் சொல்லும் உரிமையைக் கையில் கொடுத்தும் ஜனங்கள் "எனக்கு இவர்தான், மற்றவன் எவனும் வேண்டாம்" என்று போய்விட்டார்கள். அதையும் குற்றம் சொல்ல முடியாது, எல்லோரையும் ஒரே தட்டில் வைத்து வரிசைப்படுத்தச் சொன்னால் எனக்கும் கோபம்தான் வரும்.

சரி, எங்கள் கட்டடத்துக்கு வருவோம். கணக்கெல்லாம் போட்ட பிறகு பாட்டிக்குச் சொல்ல ஒரு விஷயம் கிடைத்தது. அன்றைக்கு முதல் சுற்றில், லிஃப்டா போரா என்றபோது, மேல் மாடிக்காரர்கள் எட்டுப் பேரில் நாலு பேர் பொய்யாகப் போருக்குக் கை தூக்கியிருந்தால் போர் 11, லிஃப்ட் 10. அடுத்த சுற்றில் போர் பெயிண்டை 15க்கு 6 என்று சாய்த்திருக்கும். லிஃப்ட் கிடைக்காது, ஆனால் ஆகவே ஆகாத பெயிண்டுக்குப் பதில் இரண்டாம் விருப்பமான தண்ணீராவது கிடைத்திருக்கும். உள்ளதை உள்ளபடி சொன்னதால் நஷ்டப்பட்டார்கள். இது எங்கள் செயலாளரின் முறையில் மட்டும் உள்ள ஓட்டை கிடையாது. 1970களில் கிப்பார்ட், சாட்டர்த்வெயிட் என்று இரண்டு பேர் தனித்தனியாக நிரூபித்தார்கள்: மூன்று தேர்வுகளும் ஜெயிக்க வாய்ப்புள்ள எந்த முறையை எடுத்தாலும், சர்வாதிகாரி இல்லாத வரை, யாராவது ஒருவருக்குப் பொய் சொன்னால் லாபம் வருகிற நிலைமை எங்காவது இருந்தே தீரும்.

பேசாமல் குலுக்கிப் போட்டால்? அதற்கும் கிப்பார்டே 1977இல் கணக்குப் போட்டிருக்கிறார். ஆளுக்கொரு சீட்டில் தனக்கு வேண்டியதை எழுதிப் பானையில் போட்டு, ஒரு சீட்டை எடுத்து அதையே முடிவாக வைத்துக்கொண்டால் யாருக்கும் பொய் எழுத அவசியமே வராது. பானை என்றதும் உத்திரமேரூர் ஞாபகம் வருகிறதா? முதலாம் பராந்தகன் காலத்துக் கல்வெட்டு, 919, 921ஆம் ஆண்டுகளைச் சேர்ந்தது. குடவோலையைப் பெருமையாகத் "தேர்தல்" என்று சொல்லிக்கொண்டிருக்கிறோம், உண்மையில் அது குலுக்கல். 30 குடும்புகள் (இன்றைய வார்டு மாதிரி), ஒவ்வொன்றிலும் தகுதியுள்ளவர்களின் பெயரை ஓலையில் எழுதிக் குடத்தில் போட்டு, ஒரு சிறுவனை விட்டு எடுக்கச் சொல்வார்கள். அந்தத் தகுதி என்பது 35 வயதுக்கு மேல் 70க்குள் இருக்க வேண்டும், வரி கட்டுகிற நிலம் வேண்டும், சொந்த மனையில் வீடு வேண்டும், வேதம் தெரிந்திருக்க வேண்டும் என்று போகிறது. பிராமணர் சபை அது. ஊரில் மற்ற யார் பெயரும் குடத்துக்குள் போகவே போகாது. ஆனால் குடத்துக்குள் போன பெயர்களுக்குள் யாரும் யாருக்கும் காபி வாங்கிக் கொடுத்து ஓட்டுச் சேர்க்க முடியாது, அது வரை நல்லது.

இப்போது பெயிண்ட் முடிந்துவிட்டது. இளம் மஞ்சள், தூரத்திலிருந்து பார்க்க அழகாகத்தான் இருக்கிறது. அடுத்த வருஷப் பணத்துக்கு மறுபடி கூட்டம் போடும்போது என்ன முறை வைக்கலாம் என்று செயலாளர் கேட்டார், குலுக்கலைப் பற்றிச் சொன்னேன். அவருக்குப் பிடித்துவிட்டது. நேற்று படியில் பாட்டியிடமும் விளக்கினேன்: "எல்லாரும் போன தடவை மாதிரியே எழுதினா 21ல 8 சீட்டு லிஃப்ட் பாட்டி, 38 சதவீதம் வாய்ப்பு இருக்கு." பாட்டி இரண்டாம் மாடித் திருப்பத்தில் நின்று மூச்சு வாங்கிக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"அதெல்லாம் வேணாம் தம்பி. நீ அவர் ஃபைல்ல லிஃப்டைக் கடைசில வை."