வரைபடத்தில் என் முகம்

பெரியவள் நேற்று முதல்முறையாகத் தனியாக பஸ் ஏறினாள். மொத்தம் ஆறே நிறுத்தம். தோழி வீட்டில் கணக்குப் படிக்கப் போகிறாளாம். நான் சொன்ன அறிவுரைகளைக் கேட்டவர்கள் அவள் தென்துருவத்துக்குப் புறப்படுகிறாள் என்றே நினைத்திருப்பார்கள். “அப்பா, எனக்குப் பதினாறு வயது” என்றாள். சைக்கிள் பழக்கியபோதே நான் இப்படித்தான். “விட்டுவிட்டேன்” என்று பொய் சொல்லிக்கொண்டே தெரு முழுக்க இருக்கையைப் பிடித்தபடி ஓடிய ஒரே தகப்பன் நானாகத்தான் இருப்பேன்.

கடைசி அஸ்திரம் வாட்ஸ்அப். இருப்பிடத்தைப் பகிர அதில் 15 நிமிடம், 1 மணி நேரம், 8 மணி நேரம் என மூன்றே வகை. திருமணம் வரை என்றொரு வகையை ஏனோ வைக்கவில்லை. அவள் செருப்பு மாட்டிக்கொண்டிருந்த அவசரத்தில் நானே எதையோ அழுத்தி 8 மணி நேரத்தைத் தேர்ந்தெடுத்தேன்.

பஸ் கிளம்பியது. ஸ்கூட்டரும் தானாகவே கிளம்பிவிட்டது. “ஹெல்மெட்டைக் கழற்றிவிடாதீர்கள், மானம் போய்விடும்” என்று வாசலில் ஒரு குரல் கேட்டது.

பஸ்ஸைப் பின்தொடர்வது லேசான வேலை இல்லை. அது நிற்கும் இடத்திலெல்லாம் நமக்கும் ஏதாவது வேலை இருக்க வேண்டும். முதல் நிறுத்தத்தில் டயரை உதைத்துப் பார்த்தேன். இரண்டாவதில் கண்ணாடியைத் துடைத்தேன். மூன்றாவதில் இல்லாத ஒருவரோடு கைப்பேசியில் சண்டை போட்டேன். நான்காவதில் நிஜமாகவே ஒரு பெரியவர் வழி கேட்டார். அவருக்கு இடது வலது புரிவதற்குள் பஸ் மறைந்துவிட்டது.

பதறியடித்துப் போய், தோழி வீட்டுத் தெருமுனையில் மின்கம்பத்துக்குப் பின்னால் ஒளிந்தேன். மின்கம்பத்தின் அகலத்தைப் பற்றியும் என் அகலத்தைப் பற்றியும் எனக்கு இருந்த கணக்கு தவறு.

கைப்பேசி அதிர்ந்தது.

“அப்பா, உங்கள் இருப்பிடத்தைத்தான் எனக்குப் பகிர்ந்திருக்கிறீர்கள். உங்கள் மீசை பஸ் பின்னாலேயே வந்தது. நடுவில் ஒரே இடத்தில் நின்றுவிட்டீர்களே, பயந்துவிட்டேன். மழை வரும்போல் இருக்கிறது, மெதுவாக ஓட்டுங்கள். வீட்டுக்குப் போனதும் செய்தி அனுப்புங்கள்.”

நான் ஒரு நாளும் விடாமல் அவளிடம் சொல்கிற அதே வாக்கியம்.

வந்து சேர்ந்ததும் அனுப்பினேன். என் செய்திகளை மூன்று மணி நேரம் கழித்துத் திறக்கிறவள் அந்த நொடியே பார்த்துவிட்டாள். அப்படியென்றால் கணக்கை எப்போதுதான் படித்தாள்?