மேலிருந்து எண்ணுங்கள்

மார்ச் 4

மூன்று வாரமாக விடாத இடுப்பு வலிக்கு இன்று எக்ஸ்ரே எடுத்தேன். இடுப்பு வலி என்று சொல்கிறேனே தவிர, இடுப்பைவிடக் காலில்தான் அதிகம். இடது பிட்டத்தில் கிளம்பி, தொடையின் வெளிப்பக்கமாக இறங்கி, பாதத்தின் மேல்புறம் வரை ஒரு கம்பியை முறுக்கி இழுத்தாற்போல் இருக்கிறது. தும்மினால் உயிர் போகிறது.

ரிப்போர்ட்டில் மூன்று வரி. எல்5 சேக்ரலைசேஷன். எஸ்1 ஸ்பைனா பைஃபிடா ஆக்கல்டா. எல்4-எல்5 இடைவெளி குறைவு. (எல் என்பது இடுப்புப் பகுதி முதுகெலும்பு, எஸ் அதற்குக் கீழே இருப்பது; எண் மேலிருந்து வரிசை.) பார்த்த டாக்டர், "முதுகெலும்பிலேயே பிறவிக் கோளாறும்மா, அதோட வாழப் பழகிக்க வேண்டியதுதான்" என்று மாத்திரை எழுதிக் கொடுத்தார். எனக்கு 36 வயது. இரண்டு பிள்ளை பெற்றிருக்கிறேன். பிறந்ததிலிருந்து கூடவே இருந்த ஒன்றை இன்றுதான் கேள்விப்படுகிறேன்.

மார்ச் 5

தூக்கமே இல்லை. ராத்திரி முழுக்க போனில் ஸ்பைனா பைஃபிடா என்று தேடினேன். முதுகு திறந்தபடி பிறந்த குழந்தைகளின் படங்கள்தான் வந்துகொண்டே இருந்தன. காலையில் தங்கையிடம் சொன்னேன். அவள் இந்த வருடம் குழந்தை பெற்றுக்கொள்ள நினைத்திருக்கிறாள். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அக்கா, இது நம்ம குடும்பத்துல வர்றதா?" என்று கேட்டாள். வலியைவிட அந்தக் கேள்விதான் நாள் முழுக்கக் குடைந்தது.

மார்ச் 9

வேறொரு டாக்டர், முதுகெலும்பு மட்டுமே பார்ப்பவர். எக்ஸ்ரேயைக் கையில்கூட வாங்காமல் முதலில் நடக்கச் சொன்னார். நுனிக்காலில் நடந்துவிட்டேன். குதிகாலில் நடக்கும்போது இடது பாதம் தொப்பென்று இறங்கியது. அப்புறம் படுக்கவைத்து, இரண்டு கால் பெருவிரல்கள் மேலும் தன் விரலை வைத்து, "நான் அழுத்துவேன், நீங்க விடாம மேல தூக்குங்க" என்றார். வலது விரல் நின்றது. இடது விரல் அவருடைய விரலுக்குக் கீழே மெதுவாக மடங்கியது. பல்லைக் கடித்துக்கொண்டு தூக்கிப் பார்த்தேன், வரவில்லை. கணுக்காலுக்குப் பின்னால் சின்னச் சுத்தியலால் தட்டினார். இரண்டு பாதமும் ஒரே மாதிரி துள்ளின.

"எல்5 நரம்பு அழுந்துது. அடுத்த எஸ்1 நரம்பு நல்லாருக்கு" என்றார், படத்தைப் பார்க்காமலே.

அதன் பிறகு சில கேள்விகள். சிறுநீர் வருவதே தெரியாமல் போகிறதா, முட்டிக்கொண்டு நின்றும் போக முடியாமல் இருக்கிறதா, உட்காரும் இடத்திலும் பிறப்புறுப்பைச் சுற்றியும் மரத்திருக்கிறதா. எதுவும் இல்லை என்றேன். "இதுல ஒண்ணு வந்தாலும் நாளைக்குப் பாத்துக்கலாம்னு இருக்காதீங்க. அன்னிக்கே ஆஸ்பத்திரிக்கு வந்துடணும்" என்றார். தண்டுவடம் இடுப்புப் பகுதியின் முதல் இரண்டு முதுகெலும்புகளின் உயரத்திலேயே முடிந்துவிடுகிறதாம். அதற்குக் கீழே நரம்புகள் குதிரை வால் மாதிரி கொத்தாகத் தொங்குகின்றன. அந்தக் கொத்து மொத்தமாக நசுங்கினால் சில மணி நேரமும் முக்கியம்; தாமதித்தால் சிறுநீர்க் கட்டுப்பாடு திரும்பாமலே போகலாம். முதுகு வலிக்காரர்கள் எல்லோரும் மறக்கக் கூடாதது இது ஒன்றுதான் என்று எனக்குத் தோன்றுகிறது.

கடைசியாகத்தான் எக்ஸ்ரேயைப் பார்த்தார்.

மார்ச் 10

நேற்று அவர் சொன்னதை மறப்பதற்குள் எழுதி வைக்கிறேன்.

ஒவ்வொரு முதுகெலும்புக்கும் பின்பக்கம் ஒரு வளைவு உண்டு. இரண்டு பக்கத்திலிருந்தும் வளர்ந்து வந்து நடுவில் ஒட்டிக்கொள்ளும். என்னுடைய எஸ்1-இல் அது ஒட்டவில்லை, சின்ன விரிசலாக நின்றுவிட்டது. உள்ளே நரம்புகளும் உறையும் சரியாக இருக்கின்றன, மேலே தோல் மூடியிருக்கிறது. ஆக்கல்டா என்றால் மறைந்திருப்பது என்றுதான் பொருள். பத்துப் பேரில் ஒருவருக்காவது இது இருக்கும், பெரும்பாலும் வேறு எதற்கோ எடுத்த எக்ஸ்ரேயில்தான் தெரியவரும். நான் ராத்திரி பார்த்த படங்களில் இருந்தது வேறு: அங்கே தண்டுவடமும் அதன் உறையும் வெளியே பிதுங்கி நிற்கும். பெயரில் பாதி ஒன்று என்பதால் ஒரு ராத்திரி முழுக்க அழுதிருக்கிறேன்.

ஆனால் எல்லா மறைவும் இப்படி விட்டுவிடக் கூடியதில்லை. குழந்தையின் அடிமுதுகில் கொத்தாக முடி, கொழுப்புக் கட்டி, பிட்டப் பிளவுக்கு மேலே தள்ளி ஆழமான குழி, இப்படி ஏதாவது இருந்தால் உள்ளே தண்டுவடம் கீழே கட்டுண்டு கிடக்கலாம். குழந்தை உயரும்போது அது இழுபடும். நடை மாறும், பாதம் வளையும், அடக்கக் கற்ற சிறுநீர் மறுபடி கசியும். என் முதுகைத் தடவிப் பார்த்துவிட்டு அப்படி ஒன்றும் இல்லை என்றார்.

மார்ச் 16

எம்.ஆர்.ஐ. ரிப்போர்ட் வந்தது. எல்5-எஸ்1 டிஸ்க், அதாவது அந்த இரண்டு எலும்புக்கும் நடுவில் மெத்தை மாதிரி இருப்பது, பிதுங்கியிருக்கிறதாம். எக்ஸ்ரேயில் எல்4-எல்5 என்றார்களே! அப்படியானால் இரண்டு இடத்திலா? அடுத்த அப்பாயின்ட்மென்ட் 18-ஆம் தேதிதான். தங்கையிடம் சொல்லவில்லை.

மார்ச் 18

இரண்டு இல்லை, ஒன்றுதான். ஒரே டிஸ்க்குக்கு இரண்டு பெயர்.

டாக்டர் கழுத்திலிருந்து அடிவரை முழு முதுகெலும்பும் தெரிகிற படத்தைத் திரையில் வைத்து, பேனா நுனியால் ஒவ்வொன்றாகத் தொட்டு எண்ணினார். கழுத்தில் 7. நெஞ்சில் 12. இடுப்பில் 5. ஆக 24 எலும்புகள் தனித்தனியாக அசைய வேண்டும். எனக்கு 23-தான் அசைகின்றன. 24-ஆவதின் இரண்டு பக்கச் சிறகும் அகலமாகி, கீழே இருக்கிற சேக்ரம் என்ற திருவெலும்போடு ஒட்டிக்கொண்டிருக்கிறது. எல்5 சேக்ரலைசேஷன் என்பது இதுதான். எம்.ஆர்.ஐ. பார்த்தவர் கையில் பழைய எக்ஸ்ரே இல்லை. அவர் கீழிருந்து எண்ணி, அசைகிற கடைசி டிஸ்க்குக்கு எல்5-எஸ்1 என்று பெயர் கொடுத்துவிட்டார்.

பேனா இரண்டாம் முறையும் மேலிருந்து இறங்கியது. நானும் கூடவே எண்ணினேன். 23-க்குக் கீழே கறுத்துப்போய் பின்னால் பிதுங்கிய டிஸ்க்; அதற்கும் கீழே, ஒட்டிய எலும்புகளுக்கு நடுவில், வளராத டிஸ்க் ஒன்று மெல்லிய கோடாக. ஒட்டிய இடம் அசையாததால் அதற்கு மேலே இருக்கிற டிஸ்க் கூடுதல் பாரம் சுமக்கிறது, அதுதான் சீக்கிரம் தேய்ந்திருக்கிறது என்றார். இந்த அமைப்பை இடுப்பு வலியோடு சேர்த்து முதலில் எழுதியவர் பெர்ட்டோலோட்டி என்ற இத்தாலிய மருத்துவர், 1917-இல். நூறு வருடத்துக்கு மேலாகத் தெரிந்த விஷயம்தான். எண்ணிக்கை பிசகினால் ஆபரேஷனே தவறான இடத்தில் நடந்துவிடலாம் என்று அவர் சொன்னபோது கை சில்லிட்டது.

எனக்கு இப்போதைக்கு ஆபரேஷன் வேண்டாம். விரலின் பலம் இன்னும் குறைந்தால் உடனே வர வேண்டும். பிதுங்கிய டிஸ்க்கை உடம்பே கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்துக்கொள்வது உண்டு, பெரும்பாலானவர்களுக்குச் சில வாரங்களில் வலி இறங்கிவிடும். படுத்தே கிடக்கக் கூடாது, வலி இடம் கொடுக்கும் அளவுக்கு நடக்க வேண்டும். வலியே இல்லாதவர்களை ஸ்கேன் செய்த ஆய்வுகளை 2015-இல் தொகுத்துப் பார்த்தார்களாம். 20 வயதுக்காரர்களிலேயே 37 சதவீதம் பேருக்கு டிஸ்க் தேய்மானம், 80 வயதில் 96 சதவீதம். ரிப்போர்ட்டில் இருப்பதெல்லாம் நோய் இல்லை என்பதற்காகத்தான் முதலில் நடக்கவிட்டுப் பார்த்திருக்கிறார்.

மார்ச் 27

பிசியோதெரபியில் பக்கத்துப் படுக்கையில் 15 வயதுப் பையன், வேகப்பந்து வீசுபவன். பின்னால் வளைந்து வளைந்து எல்5-இன் பின்வளைவில் எலும்பு விரிசல் விட்டுவிட்டது. இது பிறவிக் கோளாறு என்று அவனுடைய அம்மாவும் நினைத்திருக்கிறார். பிறந்த குழந்தைகளிடம் இந்த விரிசல் காணப்படுவதில்லை, ஓடியாடும் வயதில் வருவது என்று தெரபிஸ்ட் விளக்கினார். இரண்டு பக்கமும் விரிசல் விட்டால் மேல் எலும்பு முன்னால் நழுவலாம். அவனுக்கு நழுவவில்லை. சில மாதம் பந்து வீசக் கூடாது என்றிருக்கிறார்கள். சொல்லும்போதே பையனுக்குக் குரல் கம்மியது. பாவமாக இருந்தது.

ஏப்ரல் 6

தங்கையோடு அவளுடைய மகப்பேறு டாக்டரிடம் போனேன். என் எக்ஸ்ரேயையும் கொண்டுபோனேன். எனக்கிருப்பதைப் பார்த்து அவள் பயப்பட வேண்டியதில்லை, ஆனால் குழந்தைக்குத் தயாராகும் எந்தப் பெண்ணுக்கும் சொல்வது அவளுக்கும் உண்டு என்றார்: தினமும் 400 மைக்ரோகிராம் ஃபோலிக் அமிலம், கருத்தரிப்பதற்கு ஒரு மாதம் முன்பிருந்தாவது. குழந்தையின் தண்டுவடமாகப் போகிற குழாய் கருத்தரித்து 28 நாளுக்குள் மூடிவிடுகிறது. நாள் தள்ளிப்போய், பரிசோதித்துத் தெரிந்துகொள்வதற்குள் அதில் பாதி போய்விடும். ஏற்கெனவே முதுகு திறந்த குழந்தையைச் சுமந்தவர்களுக்குப் பத்து மடங்கு, 4 மில்லிகிராம். 7 நாடுகளில் அப்படிப்பட்ட பெண்களுக்கு அதைக் கொடுத்துப் பார்த்து, மறுபடி வருவது 72 சதவீதம் குறைந்ததாக 1991-இல் வெளியிட்டிருக்கிறார்கள். எத்தனை குழந்தைகள்! இதைப் பள்ளிக்கூடத்திலேயே சொல்லித்தர வேண்டாமா?

தங்கை அன்றைக்கே மாத்திரையைத் தொடங்கிவிட்டாள்.

மே 11

இன்று மறுபடி அதே பரிசோதனை. டாக்டர் விரலை வைத்து அழுத்தினார், இடது பெருவிரல் நடுங்கியது, ஆனால் இறங்கவில்லை. குதிகாலில் அறையின் அந்தக் கோடி வரை போய்த் திரும்பினேன். காலில் இழுப்பு நின்று இரண்டு வாரமாகிறது. பாதத்தின் மேல்புறம் உள்ளங்கை அளவு இடம் மட்டும் இன்னும் மதமதப்பாக இருக்கிறது, அது போக நாளாகும் என்றார்.

வீட்டுக்கு வந்ததும் எக்ஸ்ரேயையும் எம்.ஆர்.ஐ. ஃபிலிமையும் ஒரே உறையில் போட்டு, உறையின் மேல் தடித்த பேனாவால் எழுதினேன்: "எல்5 ஒட்டியிருக்கிறது. கழுத்திலிருந்து எண்ணவும். பிதுங்கியது எல்4-எல்5."