லேட்டா சேர்ந்தவரோட பசி

33 வயசுலதான் நான் சாஃப்ட்வேர் டெஸ்டிங் வேலைக்கு வந்தேன், அதுக்கு முன்னாடி பத்து வருஷம் ஜவுளிக்கடையில கணக்கு எழுதிட்டு இருந்தேன். ட்ரெய்னிங்ல பக்கத்துல உக்காந்த பசங்க எல்லாம் 22, 23. முதல் வாரமே ஒரு சீனியர் "இந்த வயசுல இதெல்லாம் ஏறுமா சார்"னு கேட்டார், கெட்ட எண்ணத்துல கேக்கலை, ஆனா அன்னைக்கு தூக்கமே வரலை. போனை நோண்டிட்டு இருந்தப்போ ரூடால்ஃப் நூரியேவ்ங்கிற சோவியத் பாலே டான்சர் ஆடுற பழைய கறுப்பு வெள்ளை வீடியோ ஒண்ணு வந்துச்சு. பாலே பத்தி எனக்கு அப்ப எதுவும் தெரியாது, ஆனா அந்த மனுஷன் மேல குதிச்சா கீழ வரணுமான்னு யோசிச்சுட்டு வர்ற மாதிரி இருந்துச்சு.

அப்புறம் தேடித்தேடி படிச்சேன். 1938ல சைபீரியா வழியா போற ரயில்லயே பொறந்தவர், வளந்தது உஃபாங்கிற ஊர்ல, பயங்கர கஷ்டம். அம்மா கையில இருந்த ஒரே டிக்கெட்டை வச்சு புள்ளைங்க அத்தனை பேரையும் எப்படியோ பாலே பாக்க உள்ள கூட்டிட்டு போயிட்டாங்களாம், அன்னைக்கு புடிச்ச ஆசைதான். ராணுவத்துல இருந்த அப்பாவுக்கு பையன் ஆடுறது புடிக்கவே இல்லை. லெனின்கிராட்ல இருந்த வாகனோவா பாலே ஸ்கூலுக்கு 1955ல போய் சேரும்போது வயசு 17, மத்த பசங்க பத்து வயசுலேருந்தே அங்க பழகுறவங்க. சேத்துக்கிட்ட டீச்சரே, நீ பெரிய ஆளா வருவ இல்ல ஒண்ணுமில்லாம போவ, ரெண்டாவதுக்குத்தான் வாய்ப்பு அதிகம்ங்கிற மாதிரி சொல்லியிருக்காங்க.

என்னை உலுக்குனது அடுத்து நடந்ததுதான். ராத்திரி கிரோவ் தியேட்டர்ல ஆட்டம் பாக்கணும்னு அனுமதி இல்லாமலே ஹாஸ்டலை விட்டு போயிருக்கார், திரும்பி வந்தா படுக்கையையும் சாப்பாட்டு டோக்கனையும் எடுத்துட்டாங்க. மனுஷன் அடங்கிப் போகலை, என்னை பெரிய கிளாஸுக்கு மாத்துங்க, இப்படியே போனா படிப்பு முடியறதுக்குள்ள ராணுவத்துக்கு புடிச்சுட்டு போயிடுவாங்கன்னு நேரா போய் கேட்டிருக்கார். அப்படித்தான் அலெக்சாண்டர் புஷ்கின்ங்கிற வாத்தியார் கிடைச்சார், மூணே வருஷத்துல கிரோவ்ல சோலோ டான்சர்.

அதைப் படிச்ச மறுநாள் நான் டீம் லீட்கிட்ட போய், டெஸ்டிங்கை புரோகிராம் எழுதி தானா ஓட வைக்கிற ஆட்டோமேஷன் ஆளுங்க பக்கத்துல உக்காந்து வேலை பாக்குறதை பாக்கலாமான்னு கேட்டேன். சாயங்காலம் ஒரு மணி நேரம், எட்டு மாசம் அப்படி உக்காந்தேன்.

1961ல பாரிஸ் ஏர்போர்ட்ல சோவியத் ஆளுங்ககிட்டேருந்து தப்பிச்சது, அடுத்த வருஷம் லண்டன்ல தன்னைவிட 19 வயசு மூத்த பாலே டான்சர் மார்கோட் ஃபான்டெய்னோட ஜிசெல்ங்கிற பாலே ஆடுனது, வியன்னாவுல ஜனங்க கைதட்டியே 89 தடவை திரைக்கு முன்னாடி வந்து வணங்க வச்சது எல்லாம் எல்லாருக்கும் தெரிஞ்ச கதை. பாரிஸ் ஓபராவுல டைரக்டரா இருந்தப்போ 19 வயசு டான்சர் சில்வி கில்லெமை உச்ச இடத்துக்கு ஏத்திவிட்டார், வயசையும் வரிசையையும் பாக்கலை, அது எனக்கு ரொம்ப புடிக்கும்.

ஆனா கடைசி வருஷங்கள் படிக்கவே வலிக்குது. எய்ட்ஸ் நோய், உடம்பு ஒத்துழைக்கலை, 1991ல இங்கிலாந்துல காசைத் திருப்பிக் குடுன்னு ஜனங்க கத்துற அளவுக்கு போச்சு, அப்பவும் நிறுத்தலை. ஏன் நிறுத்தலைன்னு பலர் கேக்குறாங்க. 17 வயசு வரைக்கும் கிடைக்காதது கைக்கு வந்தா அதை எப்படி விடுவாங்க? எனக்கு அது புரியுது. 1992 அக்டோபர்ல தான் அமைச்ச லா பயதேர்ங்கிற பாலே முடிஞ்சு, தாங்கிப் புடிச்சுதான் மேடைக்கு கூட்டிட்டு வந்தாங்க. மூணு மாசத்துல போயிட்டார், 54 வயசு.