ஒன்லைன் சொன்னவர்

கதை விவாதத்தில் உட்கார்ந்து பழகியவர்களுக்கு இது தெரிந்ததுதான். யாரோ ஒருவர் ரெண்டு வரியில் கதைக் கருவை, அதாவது ஒன்லைனைச் சொல்வார். அதைப் பிடித்துக்கொண்டு மற்றவர்கள் மாதக்கணக்கில் சீன் பிடிப்பார்கள். படம் வெளியாகும்போது ரெண்டு வரிக்காரரின் பெயர் டைட்டிலில் இருந்தால் அவருடைய நல்ல நேரம். நான் சொன்ன வரிகளும் வேறு ஆட்கள் கையில் வேறு கதையாகியிருக்கின்றன. அதனாலோ என்னவோ, ஹங்கேரிக்காரர் மெல்கியோர் லெங்யெல் மீது எனக்குத் தனிப் பிரியம்.

1880இல் பிறந்தவர், பத்திரிகையிலிருந்து நாடகத்துக்கு வந்தவர். 1909இல் மேடையேறிய 'டைஃபூன்' பல நாடுகளுக்குப் போனது, 1914இல் ஹாலிவுட்டில் படமாகவும் ஆனது. ஆனால் எனக்குப் பிடித்தது 1917இல் வெளியான அவருடைய, வசனமே இல்லாத ஒரு மேடைக் கதை. மூன்று ரவுடிகள் ஒரு பெண்ணை ஜன்னலோரம் நிறுத்தி, ஆசைப்பட்டு மேலே வரும் ஆண்களிடம் கொள்ளையடிக்கிறார்கள். அப்படி வந்து மாட்டும் ஒரு சீனாக்காரனைக் குத்தினாலும் தூக்கில் போட்டாலும் உயிர் போகவில்லை. அவள் கட்டிக்கொண்ட பிறகுதான் காயத்திலிருந்து ரத்தமே வருகிறது, சாகிறான். ஹங்கேரி இசையமைப்பாளர் பார்டோக் இதற்கு இசையமைத்தார். 1926இல் ஜெர்மனியின் கொலோன் நகரில் ஒரே ஒரு காட்சி. ரகளையாகிவிட, மறுநாளே தடை. தடை போட்ட மேயர், பின்னாளில் மேற்கு ஜெர்மனியின் சான்சலரான (பிரதமர் மாதிரியான பதவி) அடினாவர்.

அப்புறம் ஹாலிவுட். சோகமாகவே நடித்துக்கொண்டிருந்த கிரேட்டா கார்போவைச் சிரிக்கவைக்க எம்ஜிஎம் ஸ்டூடியோ ஒரு கதை தேடியது. நீச்சல் குளத்தோரம் லெங்யெல் சொன்னாராம்: கொள்கைப் பிடிப்புள்ள ஒரு ரஷ்யப் பெண் பாரிஸுக்கு வருகிறாள், காதலிக்கிறாள், முதலாளித்துவம் ஒன்றும் அவ்வளவு மோசமில்லை என்று நினைக்கத் தொடங்குகிறாள். அவ்வளவுதான். 1939இல் அது 'நினோச்கா' ஆனது. திரைக்கதை பிராக்கெட், வைல்டர், ரைஷ் என்று மூன்று பேர். லெங்யெலுக்கு 'மூலக்கதை' மட்டும். அதற்கும் ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது, விருது கிடைக்கவில்லை.

இதெல்லாம் வெறும் ஐடியாதானே என்பார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. அந்தப் பெண்ணை பாரிஸுக்கு அனுப்பிய உடனேயே மோதல் தயார். அவள் எதைப் பார்த்தாலும், சாப்பாடோ தொப்பியோ, அது ஒரு சீன். நல்ல ஒன்லைன் என்றால் இன்ஜின் உள்ளேயே இருக்க வேண்டும். வசனம் யார் எழுதினாலும் வண்டி ஓடும். சுற்றிப் பேசி, பின்கதை சொல்லி, 'போகப் போகப் புரியும் சார்' என்று இழுக்கும் கதைகளைக் கேட்டுக் கேட்டு வந்த அபிப்பிராயம் இது.

1942இல் லூபிட்ச் எடுத்த 'டு பீ ஆர் நாட் டு பீ'க்கும் கதை இவருடையதே. நாஜிகள் பிடித்த வார்சாவில் ஒரு நாடகக் குழு, உயிர் தப்ப நாஜிகளாகவே வேஷம் போடுகிறது. திரைக்கதை எட்வின் ஜஸ்டஸ் மேயர், வழக்கம் போல வேறு ஆள்.

லெங்யெல் 1974இல் புடாபெஸ்டுக்குத் திரும்பி, அதே வருடம் 94 வயதில் காலமானார். 1983இல் நகைச்சுவை நடிகர் மெல் புரூக்ஸ் அந்த வார்சா கதையைத் திரும்பத் தயாரித்து, தானே நடித்தார். எதையெதையோ மாற்றினார், நாடகக்காரர்கள் நாஜி வேஷம் போடுவதை மட்டும் தொடவில்லை.