புருண்டியில் ஒரு பேராயர்

திருப்பீடத் தூதர், அதாவது வத்திக்கானின் தூதர், பணி என்றாலே விருந்தும் சம்பிரதாயமும்தான் என எண்ணுவோர் பேராயர் மைக்கேல் கோர்ட்னியை அறிந்துகொள்ள வேண்டும். அயர்லாந்தின் டிப்பரேரியில் 1945-இல் பிறந்து, 1980-இல் வத்திக்கான் தூதரகப் பணியில் சேர்ந்து, இந்தியா உள்ளிட்ட பல நாடுகளில் பணியாற்றியவர் அவர். உள்நாட்டுப் போர் ஓயாத ஆப்பிரிக்க நாடான புருண்டிக்கு 2000-இல் தூதராக நியமிக்கப்பட்டு, பகைத்து நின்றவர்களைப் பேசவைக்க அயராது பாடுபட்டார். 2003 நவம்பரில் அரசுக்கும் முக்கியக் கிளர்ச்சிக் குழுவுக்கும் உடன்பாடு ஏற்பட்டது. அதே ஆண்டு டிசம்பர் 29-ஆம் தேதி, குருவானவர் ஒருவரின் அடக்கத்தில் பங்கேற்றுத் அப்போதைய தலைநகர் புஜும்புராவுக்குத் திரும்பும் வழியில், மினாகோ அருகே அவருடைய கார் சுடப்பட்டது. மருத்துவமனையில் உயிர் பிரிந்தது. அரசு குற்றம் சாட்டிய, எஃப்.என்.எல். (தேசிய விடுதலைப் படைகள்) என்ற மற்றொரு குழுவின் கிளர்ச்சியாளர்கள் அதை மறுத்தார்கள். விரைவில் கியூபாவுக்கு மாற்றலாகிச் செல்லவிருந்தவர் அவர் என்பதை நினைக்கையில் எனக்கு மனம் ஆறவில்லை.